கேத்தே திரையரங்கு: முகப்பு இருக்கிறது, மண்டபம் எங்கே?



"பழைய கட்டடங்களைப் பாதுகாப்பது அவசியமா? உன் கருத்தை எழுதுக." இப்படி ஒரு தலைப்பு தேர்வில் வந்தால் நம் பிள்ளைகள் என்ன எழுதுவார்கள் என்பது ஆசிரியர்களுக்கு மனப்பாடம். பழமையைப் போற்ற வேண்டும், முன்னோரை மறக்கக் கூடாது, கட்டடம் என்பது வரலாற்றின் சாட்சி. முடிவில் ஒரு பழமொழி. தப்பில்லை. ஆனா எந்தக் கட்டடம், அதில் எந்தப் பகுதி, யாருடைய வரலாறு என்று கேட்டால் பேனா நின்றுவிடுகிறது. அந்த மூன்று கேள்விகளுக்கும் பதில் இல்லாத கட்டுரை கருத்துக் கட்டுரை ஆகாது, வாழ்த்துரையாகத்தான் இருக்கும்.

ஆகவே இந்த இதழில் பொதுவாகப் பேசாமல், ஒரே ஒரு கட்டடத்தை எடுத்துத் திறனாய்வு செய்து பார்ப்போம். டோபி காட் எம்ஆர்டி நிலையத்துக்கு மேலே, ஹேண்டி ரோட்டில் நிற்கும் கேத்தே. தேக்காவிலிருந்து ரயிலில் ஒரே நிறுத்தம். நம்மில் எத்தனையோ பேர் அந்த வழியே போய்வந்திருப்போம். அதன் முன்பக்கச் சுவர் 2003-இல் தேசிய நினைவுச்சின்னமாக அறிவிக்கப்பட்டது. கவனியுங்க, கட்டடம் அல்ல; முன்பக்கச் சுவர்.

என் வாதத்தை இங்கேயே சொல்லிவிடுகிறேன். ஒரு திரையரங்கின் வரலாறு அதன் முகப்பில் நடப்பதில்லை, மண்டபத்தில் நடக்கிறது. கேத்தேயில் நாம் காப்பாற்றியது, நமக்கு, குறிப்பாகத் தமிழர்களுக்கு, அந்தக் கட்டடத்தில் மிகக் குறைவாகச் சொந்தமான பகுதியை. இது சரியா என்று நீங்களே எடைபோடலாம். அதற்கு வேண்டிய செய்திகளைக் கீழே வரிசையாகத் தருகிறேன்.

1939: நகரத்தின் உயரமான வீடு

முதலில் இடத்தின் பெயர். டோபி காட் என்றால் சலவைத் துறை. இந்தியாவிலிருந்து வந்த சலவைத் தொழிலாளர்கள் அங்கே ஓடிய நீரோடையில் துணி துவைத்து, பக்கத்துத் திடலில் காயப்போட்டார்கள். அதனால் வந்த பெயர். சிங்கப்பூரின் முதல் வானளாவிய கட்டடம் எழுந்தது அந்தத் துறைக்கு எதிரே இருந்த மேட்டில்தான்.

கட்டியது லோக் குடும்பம். கோலாலம்பூரில் ஈயத்திலும் ரப்பரிலும் பெரும்பொருள் ஈட்டிய லோக் யூவின் மனைவியும் மகன் லோக் வான் தோவும் சேர்ந்து தொடங்கிய முயற்சி. வடிவமைத்தவர் ஃபிராங்க் புரூவர் என்ற ஆங்கிலேயக் கட்டடக் கலைஞர். 1939 அக்டோபர் 3-ஆம் தேதி திரையரங்கு திறந்தது. சுமார் 1,300 இருக்கைகள். குளிர்சாதன வசதி. அந்தக் காலத்துச் சிங்கப்பூரில் சாதாரண மனிதன் குளிர்ந்த காற்றில் இரண்டு மணி நேரம் உட்கார இப்படி ஓர் இடம் கிடைத்தது என்பதே பெரிய செய்தி. பின்னால் எழுந்த 16 மாடிக் கோபுரம் 1941-இல் முடிந்தது. அன்று தென்கிழக்காசியாவிலேயே உயரமான கட்டடம் அதுதான் என்றார்கள்.

கட்டட பாணியின் பெயர் ஆர்ட் டெக்கோ. மாணவர்கள் இந்தச் சொல்லைத் தெரிந்து வைத்துக்கொள்வது நல்லது. 1925-இல் பாரிசில் நடந்த கண்காட்சி ஒன்றிலிருந்து அந்தப் பெயர் வந்தது. தூண், தோரணம், தேவதைச் சிலை என்று பழைய ஐரோப்பிய அரண்மனையை நகலெடுக்காமல், நேர்கோடு, வளைந்த முனை, மேல்நோக்கி எழும் பட்டைகள் என்று இயந்திர யுகத்தின் அழகைச் சொல்லும் பாணி. கப்பல், ரயில் என்ஜின், விமானம் இவற்றின் வேகத்தைச் சுவரில் காட்ட முயன்றார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். பழைய மும்பையின் மெரின் டிரைவ் கட்டடங்களும் இதே குடும்பம்தான்.

கேத்தேயின் முகப்பு இந்தப் பாணியில் அமைந்த நல்ல மாதிரி. உயர எழும் நடுப்பகுதி, தூரத்திலிருந்தே தெரியும் பெயர்ப்பலகை. "நாங்கள் நவீனமானவர்கள்" என்று ஊருக்கு அறிவிக்கும் முகம். அறிவிப்பது யார்? உரிமையாளர். இதைக் குறையாகச் சொல்லவில்லை. முகப்பின் வேலையே அதுதானே? ஆனால் அதை மனதில் குறித்துக்கொள்ளுங்கள், பிறகு தேவைப்படும்.

திறப்பு விழாவில் ஓடிய படம் 'தி ஃபோர் ஃபெதர்ஸ்'. சூடானில் பிரிட்டிஷ் படை நடத்திய போரைப் பற்றியது. பேரரசுக்காக உயிரைப் பணயம் வைக்கும் வீரனின் கதை. குடியேற்ற நகரம் ஒன்றின் மிக நவீனமான அரங்கம், பேரரசின் பெருமையைப் பாடும் படத்தோடு கதவைத் திறந்தது. நாலே ஆண்டுகளில் அதே மண்டபத்தில் என்ன நடந்தது என்பதுதான் இந்தக் கட்டுரையின் உயிர்.

1943: அந்த மண்டபத்தில் நடந்தது

1942 பிப்ரவரி 15. பிரிட்டிஷ் படை சரணடைந்தது. சரணடைவின் அடையாளமாகக் கேத்தே உச்சியில் ஜப்பானியக் கொடியை ஏற்ற வேண்டும் என்பது ஜப்பானியத் தளபதி போட்ட நிபந்தனைகளில் ஒன்று. ஏன் கேத்தே? ஊரில் எல்லார் கண்ணுக்கும் தெரியும் உயரம் அதற்குத்தான் இருந்தது. உரிமையாளரின் பெருமைக்காகக் கட்டிய உயரம் வெற்றி கொண்டவனின் கொடிக்கம்பம் ஆயிற்று.

ஆக்கிரமிப்புக் காலத்தில் திரையரங்கின் பெயர் 'டாய் தோவா கெகிஜோ' என்று மாறியது. 'மகா கிழக்காசிய அரங்கு' என்று பொருள். கட்டடத்தில் ஜப்பானியப் பிரசாரத் துறை இயங்கியது. பிற்காலத்தில் உலகப் புகழ் பெற்ற திரைப்பட இயக்குநர் யசுஜிரோ ஓசு 1943-இல் இங்கே அனுப்பப்பட்டார். எதற்கு? இந்திய விடுதலை இயக்கத்தைப் பற்றி ஒரு படம் எடுக்க. அந்தப் படம் முடிவடையவே இல்லை. கைப்பற்றப்பட்ட ஹாலிவுட் படங்களை அவர் இந்தக் கட்டடத்தில் போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார் என்பது சினிமா வரலாற்றில் அடிக்கடி சொல்லப்படும் செய்தி.

இனி நம் கதை. 1943 ஜூலை 4-ஆம் தேதி கேத்தே மண்டபத்தில் கூடிய கூட்டத்தில், ராஷ் பிகாரி போஸ் இந்திய சுதந்திரச் சங்கத்தின் தலைமையைச் சுபாஷ் சந்திர போஸிடம் ஒப்படைத்தார். மறுநாள் பாடாங் திடலில் இந்திய தேசிய ராணுவத்தின் அணிவகுப்பு. அக்டோபர் 21-ஆம் தேதி அதே கேத்தே மண்டபத்தில், சுதந்திர இந்தியாவின் தற்காலிக அரசை, ஆசாத் ஹிந்த் அரசை, நேதாஜி பிரகடனம் செய்து பதவி ஏற்றார். அடுத்த சில நாள்களில் அந்த அரசு பிரிட்டனுக்கும் அமெரிக்காவுக்கும் எதிராகப் போர் அறிவித்தது.

அந்த அமைச்சரவையில் யார் யார் இருந்தார்கள் பாருங்கள். சென்னை மருத்துவக் கல்லூரியில் படித்து, சிங்கப்பூரில் மருத்துவம் பார்த்துக்கொண்டிருந்த லட்சுமி சுவாமிநாதன், நாம் கேப்டன் லட்சுமி என்று அறிந்தவர். விளம்பரத் துறைக்குப் பொறுப்பேற்ற எஸ்.ஏ. ஐயர், தமிழ்நாட்டிலிருந்து வந்த பத்திரிகையாளர். மறுநாள், அக்டோபர் 22-ஆம் தேதி, இங்கே வாட்டர்லூ ஸ்திரீட்டில் ராணி ஜான்சி படையின் பயிற்சி முகாம் திறந்தது. அதில் சேர்ந்த பெண்களில் பெரும் பங்கு மலாயாத் தோட்டங்களிலிருந்தும் நகரங்களிலிருந்தும் வந்த தமிழ்ப் பெண்கள். கோலாலம்பூரைச் சேர்ந்த ஜானகி ஆதி நாகப்பன் அந்தப் படையில் உயர்பொறுப்புக்கு வந்தார்.

ரப்பர் மரத்தில் பால் வெட்டிக்கொண்டிருந்த ஒரு பெண், படித்த மருத்துவருக்குப் பக்கத்தில் துப்பாக்கியோடு நின்ற காலம் அது. சாதி, மொழி, படிப்பு என்ற வேலிகளை அந்தப் படை முழுக்க உடைத்துவிட்டது என்று சொல்ல முடியாது. ஆனால் மலாயாவிலும் சிங்கப்பூரிலும் வாழ்ந்த தமிழர்கள் தங்களைக் கூலிகளாக மட்டும் நினைத்துக்கொள்வதை அது நிறுத்தியது. போருக்குப் பிந்தைய தொழிற்சங்கங்களிலும் அரசியலிலும் அந்தத் தன்மானத்தின் தடம் தெரிகிறது.

திறனாய்வு செய்பவர் இங்கே நின்றுவிடக் கூடாது. அதே காலத்தில், அதே ஜப்பானிய ஆட்சியில், சயாம் மரண ரயில் பாதையில் மலாயாத் தமிழ்த் தொழிலாளர்கள் பல்லாயிரம் பேர் மாண்டுபோனார்கள். நேதாஜியின் கூட்டத்துக்கு மண்டபம் தந்த ஆட்சிதான் தோட்டத்துத் தமிழனை ரயிலேற்றிச் சயாமுக்கு அனுப்பியது. இரண்டும் உண்மை. ஆகவே அந்த மண்டபத்தைக் கோயிலாக்கி ஆரத்தி எடுக்க வேண்டும் என்று நான் சொல்லவில்லை. இரண்டு உண்மைகளையும் ஒன்றாக வைத்துப் பேச ஓர் இடம் வேண்டும், அந்த இடம் இருந்தது, அதை இடித்துவிட்டோம் என்றுதான் சொல்கிறேன்.

2003: எது தங்கியது, எது போனது

போருக்குப் பிறகு நேசநாட்டுப் படைகளின் தென்கிழக்காசியத் தலைமையகம் சிறிது காலம் இந்தக் கட்டடத்தில் இருந்தது. பிறகு மறுபடியும் சினிமா. கோபுரத்தில் 1954-இல் கேத்தே ஹோட்டல் வந்தது. கேத்தே நிறுவனம் படத் தயாரிப்பிலும் இறங்கியது. கேத்தே-கெரிஸ் ஸ்டூடியோவின் மலாய்ப் படங்களை இயக்கியவர்களில் இந்தியாவிலிருந்து வந்தவர்கள் பலர். 1957-இல் வெளிவந்து ஓடோ ஓடென்று ஓடிய 'பொந்தியானாக்' பேய்ப்படத்தை இயக்கிய பி.என். ராவ் அவர்களில் ஒருவர். மலாய்ப் படவுலகில் முக்கியமான இயக்குநரான எல். கிருஷ்ணன் தமிழர். ஆக, நேதாஜி காலத்தோடு நம் உறவு முடிந்துவிடவில்லை.

2000-ஆம் ஆண்டு திரையரங்கு மூடப்பட்டது. 2003-இல் முகப்பு தேசிய நினைவுச்சின்னமாக அறிவிக்கப்பட்டது. மீதிக் கட்டடம், அதாவது கோபுரம், மண்டபம், படிகள் எல்லாம் இடிக்கப்பட்டு, அந்த இடத்தில் ஜப்பானியக் கட்டடக் கலைஞர் பால் டாங்கேயின் வடிவமைப்பில் புதிய கடைத்தொகுதி 2006-இல் திறந்தது. பழைய முகப்பு முன்னால். கண்ணாடியும் எஃகுமான புதிய உடல் பின்னால். உள்ளே பல திரைகள் கொண்ட சினிமா. அதுவும் நிலைக்கவில்லை. 2022-இல் கேத்தே சினிமா அங்கே மூடப்பட்டது. சிறிது காலம் வேறொரு நிறுவனம் படம் காட்டியது. 2025-இல் கேத்தே சினிபிளெக்ஸ் நிறுவனமே திரையரங்குத் தொழிலை விட்டது.

இப்போது கணக்குப் பாருங்க. அறிவிக்க வேண்டிய அரங்கமே இல்லாமல், அறிவிப்புப் பலகை மட்டும் நிற்கிறது. உரிமையாளரின் பெருமையைச் சொல்லும் பகுதி தங்கியது. மக்கள் கூடிய பகுதி போயிற்று. 1943 அக்டோபர் 21-இல் கூட்டம் உட்கார்ந்திருந்த இடத்தை இன்று ஒரு மாணவனிடம் காட்ட வேண்டும் என்றால் ஆசிரியர் எங்கே கையைக் காட்டுவார்? "இதுக்குப் பின்னாடி எங்கயோ" என்றுதான் சொல்ல முடியும்.

மறுதரப்பு என்ன சொல்லும்?

நல்ல திறனாய்வு எதிராளியின் வாதத்தை அவரைவிட நன்றாகச் சொல்ல வேண்டும். சொல்லிப் பார்ப்போம்.

ஒன்று, நிலம். இந்தத் தீவில் நகர மையத்து நிலத்தின் விலை என்னவென்று எல்லாருக்கும் தெரியும். 1,300 இருக்கை கொண்ட ஒற்றைத் திரை அரங்கை 21-ஆம் நூற்றாண்டில் யார் நிரப்புவது? பல திரை அரங்குகளே மூடுகின்றன. இரண்டு, முகப்பைக்கூட விட்டுவைக்காமல் போயிருந்தால்? வேறு எத்தனையோ பழைய திரையரங்குகள் சுவடே இல்லாமல் போய்விட்டன. முகப்பாவது இருப்பதால்தான் இன்று நாம் இந்தக் கட்டடத்தைப் பற்றிப் பேசுகிறோம். மூன்று, கட்டடக் கலையின் சிறப்பு முகப்பில்தான் இருந்தது, மதிப்புள்ளதைக் காப்பாற்றினார்கள்.

முதல் இரண்டையும் நான் மறுக்கவில்லை. மூன்றாவதோடுதான் எனக்குச் சண்டை. "மதிப்பு" என்ற சொல்லை அது கட்டட அழகுக்குள் அடைத்துவிடுகிறது. ஒரு மண்டபம் அழகாக இல்லாமலும் முக்கியமானதாக இருக்கலாம். எஸ்பிளனேடில் இந்திய தேசிய ராணுவத்துக்கு எழுப்பிய நினைவுச்சின்னத்தை 1945-இல் திரும்பி வந்த பிரிட்டிஷார் இடித்துப்போட்டார்கள். அது இருந்த இடத்தில் 1995-இல் ஓர் அடையாளச் சின்னம் வைக்கப்பட்டது. அங்கே காப்பாற்ற ஒரு செங்கல்கூட மிச்சமில்லை. ஆனாலும் நடந்ததற்கு மதிப்புக் கொடுத்தார்கள். அதே அளவுகோலைக் கேத்தே மண்டபத்துக்கும் வைத்துப் பார்த்திருக்கலாமே?

இன்னொன்று. தேக்கா வட்டாரம் 1989-இல் பாதுகாப்பு வட்டாரமாக அறிவிக்கப்பட்டது. அந்த வட்டாரங்களில் இருக்கும் சின்னக் கடைவீட்டுக்குக்கூட விதி கடுமை. முகப்பை மட்டும் வைத்துக்கொண்டு பின்னால் இடிக்க முடியாது. கூரை, பொதுச் சுவர், உள் முற்றம் என்று முழுக் கட்டடத்தையும் பேண வேண்டும் என்பதுதான் அடிப்படை விதி. இதைக் கேத்தேயோடு ஒப்பிடுங்கள். சிராங்கூன் ரோட்டு மளிகைக் கடைக்கு முழு உடம்பு, வரலாறு நடந்த மண்டபத்துக்கு முகம் மட்டும்! வட்டாரப் பாதுகாப்பும் நினைவுச்சின்ன அறிவிப்பும் வேறு வேறு ஏற்பாடுகள்தான். ஆனாலும் முழுக் கட்டடத்தைப் பேணும் யோசனை 1989-லேயே நம்மிடம் இருந்தது என்பது இதனால் தெரிகிறது.

மூன்று அரங்குகள், மூன்று விடைகள்

ஒப்பீடு இல்லாமல் தீர்ப்புச் சொல்லக் கூடாது. பக்கத்திலேயே இருக்கும் இரண்டு அரங்குகளைப் பார்ப்போம்.

ஸ்டாம்ஃபர்ட் ரோடும் நார்த் பிரிட்ஜ் ரோடும் சந்திக்கும் மூலையில் கேப்பிட்டல். 1930-இல் திறந்தது. பாரசீக வழிவந்த நமாசி குடும்பத்தின் முயற்சி. வடிவமைத்தது கீஸ் அண்ட் டௌட்ஸ்வெல் நிறுவனம், ஃபுல்லர்ட்டன் கட்டடத்தைத் தந்தவர்கள். 1,600-க்கும் மேற்பட்ட இருக்கைகள். உள்ளே மேற்கூரையில் 12 ராசிகளைக் காட்டும் வட்டம், மேடையின் இருபுறமும் சிறகுள்ள குதிரைகள். 1998-இல் மூடப்பட்டது, 2007-இல் பாதுகாக்கப்பட்ட கட்டடமாக அறிவிக்கப்பட்டது, 2015-இல் புதுப்பித்துத் திறக்கப்பட்டது. ராசி வட்டமும் குதிரைகளும் அப்படியே இருக்கின்றன. இருக்கைகள் 900-க்குமேல். ஒரு பொத்தானில் இருக்கைகள் கவிழ்ந்து தரைக்கடியில் போய், விருந்து நடத்தும் சமதளமாகிவிடும் இயந்திர ஏற்பாடும் வந்தது. இசை நாடகம், திருமண விருந்து, நிறுவன விழா, அவ்வப்போது சினிமா.

இங்கே மண்டபம் தங்கியது. அதன் அன்றாட வேலை மாறியது. இருந்தாலும் ஓர் ஆசிரியர் மாணவர்களை அழைத்துப் போய், "மேலே பாருங்கள்" என்று சொல்ல முடியும். கேத்தேயில் அது முடியாது.

அடுத்து நம் தேக்காவின் ஓரத்தில், மெக்கன்சி ரோட்டில் ரெக்ஸ். 1946-இல் திறந்தது. முதல் படம் 'ஜங்கிள் புக்'. கேத்தேயைத் திறந்துவைத்த படத்தை இயக்கிய சோல்டன் கோர்டாவின் படம்தான் இதுவும். ஆனால் இதில் நாயகன் மைசூரில் பிறந்த சாபு என்ற இந்தியப் பையன். கட்டட அழகு என்று பார்த்தால் ரெக்ஸ் கேத்தேயோடு போட்டி போட முடியாது. 1983-இல் மூடப்பட்டது. இடையில் வேறு பயன்பாடுகளுக்குப் போனது. 2009-இல் மறுபடி திரையரங்காகத் திறந்து தமிழ்ப்படங்களும் பிற இந்திய மொழிப் படங்களும் ஓடின. நார்த் பிரிட்ஜ் ரோட்டின் டயமண்டிலும் ராயலிலும் தமிழ்ப்படம் பார்த்த தலைமுறைக்கு, அந்த அரங்குகள் போன பிறகு, தேக்கா பக்கத்திலேயே டிக்கெட் வாங்கி உட்கார மறுபடி ஓர் இடம் கிடைத்தது.

ஆக மூன்று விடைகள். கேத்தேயில் முகம் தங்கியது. கேப்பிட்டலில் மண்டபம் தங்கியது. ரெக்ஸில், 26 ஆண்டு இடைவெளிக்குப் பிறகு, வேலை திரும்பி வந்தது. எது உண்மையான பாதுகாப்பு? "மூன்றும் வெவ்வேறு வகையில் முக்கியம்" என்று நழுவும் விடைக்கு மதிப்பெண் குறைவாகத்தான் கிடைக்கும். நான் சொல்லும் வரிசை இது: முதலில் மண்டபம், அடுத்து வேலை, கடைசியில் முகம். வேலையை ஏன் முதலில் வைக்கவில்லை? அது வாடகைக்கும் ரசனைக்கும் கட்டுப்பட்டது. சட்டம் போட்டுக் காக்க முடியாது, இன்று வரும் நாளை போகும். மண்டபம் நின்றால் வேலை திரும்பி வர வாய்ப்பு உண்டு. முகம் மட்டும் நின்றால் எதுவும் திரும்பி வர முடியாது.

இனி என்ன செய்யலாம்?

இடித்ததை ஒட்டவைக்க முடியாது. ஆனால் முகப்பு நிற்கும் வரை ஒன்று செய்யலாம்: அதன் பின்னால் என்ன இருந்தது என்று சொல்லலாம். பழைய மண்டபத்தின் எல்லையைத் தரையில் ஒரு கோடாகப் பதிக்கலாம். 1939, 1942, 1943, 1945 என்ற நான்கு ஆண்டுகளின் செய்தியையும் நான்கு அதிகாரத்துவ மொழிகளிலும், தமிழில் பிழையில்லாமல், அங்கேயே படிக்கும்படி வைக்கலாம். மரண ரயில் பாதையையும் அதில் விடக் கூடாது. பெருமையை மட்டும் எழுதினால் அதுவும் இன்னொரு முகப்புதான்.

அதுவரை அந்த மண்டபத்தைக் காட்டும் வேலை வகுப்பறையில் இருக்கும் நமக்குத்தான். வேறு யார் சொல்லப் போகிறார்கள்?

வகுப்பறைக்கும் தேர்வுக்கும்

மாணவர்களே, மேலே உள்ள கட்டுரையை மனப்பாடம் செய்ய வேண்டாம். எப்படிக் கட்டப்பட்டிருக்கிறது என்று பாருங்கள். முதலில் ஒரே வரியில் வாதம். பிறகு ஆண்டுகளோடு செய்திகள். பிறகு எதிர்த்தரப்பு, அதில் ஏற்பது எது, மறுப்பது எது என்ற பிரிப்பு. பிறகு ஒப்பீடு. கடைசியில் ஒரு வரிசையும் அதற்குக் காரணமும். எந்தக் கட்டடத்தைப் பற்றி எழுதினாலும் இந்த ஐந்து படிகள் உதவும்.

ஒரு எச்சரிக்கையும் சொல்லணும். "கேத்தே சிறந்த கட்டடம்" என்பது பாராட்டு. "கேத்தே ஆர்ட் டெக்கோ பாணியில் 1939-இல் கட்டப்பட்டது" என்பது செய்தி. "கேத்தேயில் தவறான பகுதி காப்பாற்றப்பட்டது, ஏனென்றால்..." என்பதுதான் கருத்து. "ஏனென்றால்" என்ற சொல் உங்கள் பத்தியில் வரவில்லை என்றால், நீங்கள் இன்னும் கருத்துச் சொல்லவில்லை என்று அர்த்தம்.

கலந்துரையாடலுக்குச் சில கேள்விகள்:

1. கட்டுரையாளர் "முதலில் மண்டபம், அடுத்து வேலை, கடைசியில் முகம்" என்கிறார். நீங்கள் இந்த வரிசையை மாற்றுவீர்களா? ஒரு காரணமும் ஓர் எடுத்துக்காட்டும் தருக.

2. முகப்பையாவது காப்பாற்றியது ஒன்றுமே இல்லாததைவிட மேல் என்ற வாதத்தை ஆதரித்து 150 சொற்களில் எழுதுக. கட்டுரையாளர் கவனிக்காத ஒரு காரணத்தையாவது சேர்க்க வேண்டும்.

3. ஒரே ஆட்சி நேதாஜிக்கு மண்டபம் தந்தது, தோட்டத் தொழிலாளரை மரண ரயில் பாதைக்கும் அனுப்பியது. இரண்டையும் ஒரே அறிவிப்புப் பலகையில் எழுதுவது என்றால் எப்படி எழுதுவீர்கள்? 60 சொற்களுக்கு மிகாமல் அந்தப் பலகைக்கான வாசகத்தை உருவாக்குக.

4. உங்கள் தாத்தா, பாட்டி, அல்லது அந்த வயதுள்ள ஒருவரிடம் இளமையில் எந்தத் திரையரங்கில் படம் பார்த்தார்கள் என்று கேளுங்கள். எங்கே இருந்தது, யாரோடு போனார்கள், எங்கே உட்கார்ந்தார்கள், இன்று அந்த இடத்தில் என்ன இருக்கிறது? நான்கு விடைகளையும் ஒரு பக்கத்தில் எழுதி வாருங்கள்.

நான்காவது கேள்வியை ஆசிரியர்கள் தயவுசெய்து விட்டுவிட வேண்டாம். பல அரங்குகளுக்கு முகப்புகூட மிஞ்சவில்லை. யார் எங்கே உட்கார்ந்தார்கள் என்ற செய்தி சிலருடைய ஞாபகத்தில்தான் இருக்கிறது, அவர்களுக்கும் வயதாகிறது. பள்ளி விடுமுறைக்கு முன்பே இந்தப் பயிற்சியைக் கொடுத்துவிடுங்கள். விடுமுறையில் வீட்டுப் பெரியவர்களோடு உட்கார்ந்து பேசப் பிள்ளைகளுக்கு நேரம் இருக்கும்.